உறங்கும் மாவும் உறங்காத மனிதரும்

காலை ஏழு மணிக்கு ஒருவர் உண்ணும் ரொட்டி புதியதாகவும் சூடாகவும் இருக்க வேண்டுமானால், அதற்காக முந்திய இரவு விழித்திருந்தவர் யார்? இந்த வினா வரலாற்றுப் பாடநூல்களில் பெரும்பாலும் இடம்பெறுவதில்லை. எந்த அரசன் எந்த ஆண்டில் முடிசூடினான், எந்தப் போரில் எவன் வென்றான் என்று கேட்கிறோம். விடை எழுதி மதிப்பெண்ணும் பெறுகிறோம். ஆனால் ஒரு நகரத்து மக்கள் காலையில் எதை உண்டார்கள், அதை ஆக்கித் தந்தவர்கள் எப்போது உறங்கினார்கள் என்பதும் வரலாற்று வினாவே ஆகும். மாணவ நண்பர்களே, இன்று அந்த வினாவுக்கு ஓர் எளிய தின்பண்டத்தின் வழியாக விடை தேட முயல்வோம்.

அமெரிக்க ஐக்கிய நாடுகளில் 'மங்கி பிரெட்', அதாவது 'குரங்கு ரொட்டி' என்றொரு காலைப் பண்டம் உண்டு. விடுமுறை நாட்களிலும் கிறிஸ்துமஸ் காலையிலும் பல வீடுகளில் அதைச் செய்வர். பெயரைக் கேட்டு நகைக்க வேண்டா. அதைக் கத்தி கொண்டு அறுப்பதில்லை; சுற்றி அமர்ந்தவர்கள் கைவிரல்களால் பிய்த்துப் பிய்த்து உண்பர். குரங்கு பிய்த்துத் தின்பதைப் போல் இருப்பதால் இப்பெயர் வந்ததெனக் கூறுவர். சிறு சிறு மாவுருண்டைகளை வெண்ணெயில் தோய்த்து, இலவங்கப்பட்டைப் பொடி கலந்த சர்க்கரையில் புரட்டி, நடுவில் துளையுள்ள வட்டப் பாத்திரத்தில் அடுக்கிச் சுடுவதே இதன் செய்முறை. வெண்ணெய் பூசப்பட்டிருப்பதால் உருண்டைகள் வெந்து உப்பியபோதும் ஒன்றோடொன்று முழுதும் ஒட்டிக்கொள்வதில்லை. அதனால்தான் இழுத்தவுடன் ஒவ்வொன்றும் தனித்தனியே கழன்று வருகிறது.

பெயர் அமெரிக்கப் பெயராயினும் பண்டத்தின் பிறப்பிடம் ஐரோப்பாவின் நடுப்பகுதியிலுள்ள ஹங்கேரி நாடு. அங்கே அதன் பெயர் 'அரனிகலுஷ்கா'. 'அரனி' என்றால் அந்நாட்டு மொழியில் பொன். 'கலுஷ்கா' என்றால் மாவுருண்டை. பொன்னுருண்டை என்று நாம் தமிழில் சொல்லலாம். ஹங்கேரியர் அதில் பொடித்த அக்ரூட் பருப்பைச் சேர்ப்பர். பாலும் முட்டையும் சேர்த்துக் காய்ச்சிய இனிப்புக் குழம்பை ஊற்றி உண்பர். அந்நாட்டிலிருந்து அமெரிக்காவில் குடியேறியவர்கள், சிறப்பாக ஹங்கேரிய யூதர்கள், இதைத் தம்முடன் கொண்டு சென்றனர். 1972-ஆம் ஆண்டில் 'பெட்டி கிராக்கர்' என்னும் பெயரில் வெளிவந்த சமையல் நூலொன்று இதனை 'ஹங்கேரியக் காப்பிக் கேக்' என்று அறிமுகப்படுத்தியது. பெட்டி கிராக்கர் என்பவர் உயிருள்ள பெண்மணி அல்லர். 1921-ஆம் ஆண்டில் ஒரு மாவு ஆலையார் வாடிக்கையாளரின் கடிதங்களுக்கு விடை எழுதுவதற்காகப் படைத்துக்கொண்ட கற்பனைப் பெயர் அது. பின்னர் 1980-களில் குடியரசுத் தலைவர் ரீகனின் துணைவியார் நான்சி ரீகன் வெள்ளை மாளிகையின் கிறிஸ்துமஸ் விருந்தில் இதனைப் பரிமாறச் செய்தார். குடியேறியவரின் அடுக்களைப் பண்டம் இவ்வாறு நாட்டுத் தலைவரின் மேசையை அடைந்தது.

இப்பண்டத்தின் இனிப்பைப் பற்றியும் ஒரு சொல் சொல்ல வேண்டும். பழைய ஐரோப்பாவில் சர்க்கரை செல்வரின் பொருள். சாதாரணக் குடும்பத்தின் காலை உணவில் அது தாராளமாகச் சேரவேண்டுமானால் முதலில் அதன் விலை வீழ வேண்டும். 1747-ஆம் ஆண்டில் ஜெர்மானிய வேதியியல் அறிஞர் மார்க்கிராஃப், கரும்பில் உள்ள அதே சர்க்கரை பீட்ரூட் கிழங்கிலும் உள்ளது என்று கண்டார். அவருடைய மாணவர் ஆஹார்ட் 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சைலீசியாவில் முதல் பீட்ரூட் சர்க்கரை ஆலையை நிறுவினார். மற்றொரு பக்கம், கரும்புத் தோட்டங்களில் முதலில் அடிமைகளும், அடிமை முறை ஒழிந்தபின் ஒப்பந்தக் கூலிகளும் உழைத்தனர். 1860-ஆம் ஆண்டு நவம்பர் 16-ஆம் நாள் தென்னாப்பிரிக்காவின் டர்பன் துறைமுகத்தை அடைந்த 'டுரூரோ' என்னும் கப்பல், சென்னையிலிருந்து நம்மவரை நேட்டாலின் கரும்புத் தோட்டங்களுக்கு ஏற்றிச் சென்ற கப்பலே ஆகும். ஒருவர் நாவில் இனிக்கும் பொருளுக்குப் பின்னால் வேறொருவர் முதுகு வளைந்திருக்கிறது. இதை மனத்தில் வைத்துக்கொண்டு மாவின் கதைக்கு வருவோம்.

இந்த ரொட்டியை ஓஹையோ மாநிலத்தில் வாழும் என் மகளின் வீட்டில் செய்யக் கண்டேன். அரைக் கிலோ மைதா மாவு, கால் லிட்டர் வெதுவெதுப்பான பால், ஒரு முட்டை, அறுபது கிராம் சர்க்கரை, அதே அளவு வெண்ணெய், சிறிது உப்பு, ஏழு கிராம் உலர்ந்த ஈஸ்ட் ஆகியவற்றைச் சேர்த்துப் பத்து நிமிடம் பிசைந்தாள். மாவு ஒரு முறை பொங்கியபின் எலுமிச்சங்காயிலும் சிறிய உருண்டைகளாக உருட்டினாள். உருக்கிய வெண்ணெயில் தோய்த்து, பட்டைப்பொடி கலந்த பழுப்புச் சர்க்கரையில் புரட்டிப் பாத்திரத்தில் அடுக்கினாள். அப்போது இரவு மணி பத்து. அடுப்பைப் பற்றவைப்பாள் என்று நான் காத்திருந்தேன். அவளோ பாத்திரத்தை மூடிக் குளிர்சாதனப் பெட்டிக்குள் வைத்துவிட்டு, "அப்பா, நீங்கள் போய் உறங்குங்கள். இனி மாவு தன் வேலையைத் தானே பார்த்துக்கொள்ளும்" என்றாள். காலையில் பாத்திரத்தை வெளியே எடுத்து ஒரு மணி நேரம் வைத்திருந்து, 175 பாகை வெப்பத்தில் ஏறத்தாழ முப்பத்தைந்து நிமிடம் சுட்டுத் தட்டில் கவிழ்த்தாள். சர்க்கரைப் பாகு வழிய வழிய ரொட்டி வந்தது. வீட்டில் ஒருவரும் தூக்கம் கெடவில்லை.

மாவு தன் வேலையைத் தானே பார்த்துக்கொள்ளும் என்னும் அச்சொற்களில் ஒரு நெடிய வரலாறு அடங்கியிருக்கிறது. ஈஸ்ட் என்பது கண்ணுக்குப் புலப்படாத ஓர் உயிர்; காளான் இனத்தைச் சேர்ந்தது. அது மாவிலுள்ள சர்க்கரையை உண்டு கரியமில வாயுவை வெளியிடுகிறது. கோதுமை மாவைப் பிசையும்போது அதிலுள்ள புரதம் மெல்லிய இழைகளாகப் பின்னிக்கொள்கிறது. அப்பின்னலுக்குள் வாயு சிக்கிக்கொள்வதால் மாவு பலூனைப் போல் உப்புகிறது. நம் வீட்டு இட்லி மாவு இரவில் பொங்குவதற்கு வேறு வகை நுண்ணுயிர்கள் முதற்காரணம் எனினும், காத்திருத்தல் இரண்டுக்கும் பொதுவானது.

ஈஸ்டின் வேகம் வெப்பத்தைப் பொறுத்தது. கோடைக்கால அறை வெப்பத்தில் அது விரைந்து உழைக்கும். குளிர்சாதனப் பெட்டியின் நான்கு பாகையில் மிக மெதுவாக உழைக்கும். அடுப்பின் சூட்டில் மாவின் வெப்பம் அறுபது பாகையை எட்டுவதற்குள் மடிந்துவிடும். இனிப்பு ரொட்டிக்கு மற்றொரு தனித்தன்மையும் உண்டு. மாவில் சர்க்கரை மிகுந்தால் அது நீரைத் தன்பால் இழுத்துக்கொள்கிறது. ஈஸ்டுக்குப் போதிய நீர் கிட்டாமையால் அதன் வேலை மேலும் தாமதமாகிறது. எனவே இனிப்பு மாவு இயல்பாகவே பொறுமையைக் கேட்கும் மாவு. அதனை இரவு முழுதும் குளிரில் விட்டுவைப்பது அதன் இயல்புக்கு இசைந்த செயலே ஆகும்.

ஈஸ்ட் உயிருள்ளது என்னும் செய்தியை மனித இனம் எளிதில் ஏற்றுக்கொள்ளவில்லை. 1680-ஆம் ஆண்டிலேயே ஹாலந்து நாட்டு லீவன்ஹூக் தம் நுண்ணோக்கியில் ஈஸ்டின் துகள்களைக் கண்டார். ஆனால் அவை உயிர்கள் என்று அறியவில்லை. 1837-ஐ ஒட்டிய ஆண்டுகளில் பிரான்சில் கான்யார் த லா தூரும், ஜெர்மனியில் தியோடர் ஷ்வானும் அவை உயிருள்ளவை எனத் தனித்தனியே முடிவு கண்டனர். லீபிக் போன்ற பெரும் வேதியியல் அறிஞர்கள் இதனை ஏளனம் செய்தனர். லூயி பாஸ்டர் 1857-ஆம் ஆண்டு முதல் நடத்திய ஆய்வுகளுக்குப் பின்னரே நொதித்தல் உயிரின் செயல் என்பது நிலைபெற்றது. அறிவியல் அறிஞர் வாதிட்டுக்கொண்டிருந்த அதே காலத்தில், அந்த உயிரின் விருப்பப்படி உறங்கவும் விழிக்கவும் வேண்டியவராய் ஆயிரக்கணக்கான மனிதர் நகரங்களின் நிலவறைகளில் வாழ்ந்துகொண்டிருந்தனர். அவர்கள்தாம் ரொட்டித் தொழிலாளர்.

கணக்கிட்டுப் பாருங்கள். காலை ஏழு மணிக்குக் கடையில் ரொட்டி இருக்க வேண்டும். சுடுவதற்கும் ஆறுவதற்கும் நேரம் வேண்டும். அதற்கு முன் நிறுத்துப் பிரித்து உருட்ட வேண்டும். அதற்கும் முன் மாவு மணிக்கணக்கில் பொங்க வேண்டும். பின்னோக்கி எண்ணிக்கொண்டே போனால் நள்ளிரவுக்கு முன்பே வேலை தொடங்கியாக வேண்டும். மாவைக் குளிரில் நிறுத்திவைக்கக் கருவி இல்லாத காலத்தில் மாவு அழைத்தபோது மனிதன் எழுந்தே தீர வேண்டும்.

லண்டன் நகரத்து ரொட்டித் தொழிலாளரின் குறைகளை ஆராய்ந்து டிரெமன்ஹீர் என்னும் அரசாங்க அதிகாரி 1862-ஆம் ஆண்டில் நாடாளுமன்றத்துக்கு அறிக்கை அளித்தார். அதில் கண்ட செய்தி நெஞ்சை வருத்துவது. தொழிலாளி இரவு பதினொரு மணியளவில் வேலை தொடங்குகிறான். அரை மணிக்கும் மேலாக உடல் வருந்த மாவைப் பிசைகிறான். மாவை இட்ட மரத்தொட்டியைப் பலகையால் மூடுகிறான். பிறகு அந்தப் பலகையின் மேலேயே ஒரு சாக்கை விரித்து, மற்றொரு சாக்கைச் சுருட்டித் தலையணையாக வைத்து இரண்டு மணி நேரம் கண்ணயர்கிறான். கீழே மாவு பொங்குகிறது. மேலே மனிதன் உறங்குகிறான். மாவு பொங்கியதும் எழுந்து விடியும்வரை ஓயாமல் உழைக்கிறான். அதற்குப் பின்பும் பலருக்கு ஓய்வில்லை. ரொட்டிக் கூடையைச் சுமந்து வீடு வீடாகக் கொடுத்துவர வேண்டும். கார்ல் மார்க்ஸ் 1867-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'மூலதனம்' நூலில் இவ்வறிக்கையை எடுத்துக்காட்டியுள்ளார்.

அறிக்கையின் பயனாக 1863-ஆம் ஆண்டில் ஒரு சட்டம் பிறந்தது. பதினெட்டு வயது நிரம்பாதவரை இரவு ஒன்பது மணிக்கும் காலை ஐந்து மணிக்கும் இடையில் ரொட்டிக்கூடங்களில் வேலை வாங்கக் கூடாது என்று அது விதித்தது. இன்று இதைக் கேட்கும் உங்களுள் பலர் அந்த வயதினரே. அச்சட்டத்துக்கு முன் உங்கள் ஒத்த வயதுச் சிறுவர்கள் அந்த மரத்தொட்டிகளின் அருகே இரவைக் கழித்தனர் என்பதை எண்ணிப் பாருங்கள். வயது வந்தோருக்கோ அச்சட்டம் உறக்கத்தைத் தரவில்லை.

பாரிஸ் நகரத்திலும் இதே நிலைதான். இரவில் மாவு பிசைபவனை அந்நகரத்தார் 'முனகுபவன்' என்னும் பொருள் தொனிக்கும் பெயரால் அழைத்தனர்; பாரமான மாவைத் தூக்கி அடிக்கும்போது அவன் மார்பிலிருந்து எழும் ஒலி தெருவில் கேட்குமாம். 1871-ஆம் ஆண்டின் இளவேனிலில் பாரிஸ் மக்கள் 'கம்யூன்' என்னும் ஆட்சியைத் தாமே அமைத்துக்கொண்டனர். அவ்வாட்சி ஏப்பிரல் 20-ஆம் நாள் ரொட்டிக் கடைகளில் இரவு வேலையை ஒழித்து ஆணையிட்டது. கடை முதலாளிகள் எதிர்த்தனர். காலையில் சூடான ரொட்டி கிடைக்காதே என்று வருந்தியோரும் உண்டு. அவ்வாணைக்காக வாதாடியவருள் முதன்மையானவர், தொழில் குழுவின் தலைவராக இருந்த லியோ ஃபிராங்கெல். அவர் பொற்கொல்லர், பிறந்த நாடு ஹங்கேரி. பொன்னுருண்டை ரொட்டியை உலகுக்குத் தந்த நாடே, ரொட்டி சுடுவோரின் உறக்கத்துக்காகப் பேசிய ஒருவரையும் தந்தது! கம்யூன் வெளியிட்ட ஆணைகளுள் உண்மையான சமதர்ம ஆணை இது ஒன்றே என்னும் கருத்தை அவர் அவையில் எடுத்துரைத்தார். ஆனால் மே மாதம் 28-ஆம் நாளோடு கம்யூன் குருதி வெள்ளத்தில் வீழ்ந்தது; இரவு வேலை திரும்பி வந்தது. பிரான்சில் இரவு பத்து மணி முதல் காலை நான்கு மணி வரை ரொட்டி வேலையைத் தடுக்கும் சட்டம் பிறக்க 1919-ஆம் ஆண்டு வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

இனி அட்லாண்டிக் கடலைத் தாண்டி, நம் குரங்கு ரொட்டி குடியேறிய நாட்டுக்குச் செல்வோம். நியூயார்க் மாநிலம் 1895-ஆம் ஆண்டில் ரொட்டித் தொழிலாளரின் வேலையை நாளொன்றுக்குப் பத்து மணி, வாரத்துக்கு அறுபது மணி என வரையறுத்தது. மாவுத் தூசியும் நிலவறையின் ஈரமும் நுரையீரலைக் கெடுக்கின்றன என்பது சட்டத்தின் அடிப்படை. யூட்டிக்கா நகரத்து லாக்னர் என்னும் கடைக்காரர் அதை மீறித் தண்டனை பெற்று, உச்ச நீதிமன்றம் வரை வழக்காடினார். 1905-ஆம் ஆண்டு ஏப்பிரல் 17-ஆம் நாள் ஐந்து நீதிபதிகள் ஒரு பக்கமும் நால்வர் மறுபக்கமும் நிற்க, அச்சட்டம் செல்லாது என்று தீர்ப்பாயிற்று. எத்தனை மணி நேரம் உழைப்பது என்பதை முதலாளியும் தொழிலாளியும் தம்முள் ஒப்பந்தம் செய்துகொள்ளும் உரிமையில் அரசு தலையிடலாகாது என்பது பெரும்பான்மையோர் கருத்து. பசித்தவனும் பணமுடையவனும் சமமாக அமர்ந்து ஒப்பந்தம் செய்ய முடியுமா என்னும் வினா இங்கே எழுகிறது அன்றோ? இதில் ஒரு வியப்பும் உண்டு. 1895-இல் அச்சட்டத்துக்காகப் போராடிய தொழிற்சங்கத் தலைவருள் ஒருவரான ஹென்றி வைஸ்மன், பிற்காலத்தில் சட்டம் பயின்று, அதே சட்டத்தை எதிர்த்து லாக்னருக்காக வழக்காடினார். வரலாற்றில் மனிதர் ஒரே நிலையில் நிற்பதில்லை. 1937-ஆம் ஆண்டில்தான் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் இத்தகைய தீர்ப்புகளின் வழியிலிருந்து விலகியது.

1925-ஆம் ஆண்டில் ஜெனீவாவில் கூடிய அனைத்துலகத் தொழில் அமைப்பு, ரொட்டிக் கூடங்களில் இரவு வேலையை ஒழிக்கும் உடன்பாட்டை ஏற்படுத்தியது. இரவு என்பது தொடர்ச்சியாக ஏழு மணி நேரமாவது இருக்க வேண்டும்; பதினொரு மணி முதல் காலை ஐந்து மணி வரையிலான நேரம் அதில் அடங்க வேண்டும் என்றும் வரையறுத்தது. தொழிலாளிக்கு மட்டுமன்றி முதலாளிக்கும் இத்தடை பொருந்தும் என்றது. அதனை ஏற்று உறுதி செய்த நாடுகளோ சிலவே. ஜெர்மனி முதல் உலகப் போரின்போது 1915-இல் மாவைச் சிக்கனப்படுத்த இரவில் ரொட்டி சுடுவதைத் தடுத்தது. போருக்குப் பின் அத்தடை தொழிலாளர் பாதுகாப்பாக நிலைபெற்று, 1996-ஆம் ஆண்டில் நீக்கப்பட்டது. சட்டத்தால் வந்த உறக்கம் சட்டத்தாலேயே திரும்பப் பெறப்படலாம் என்பதற்கு இது சான்று.

ஜெனீவா உடன்பாட்டில் ஒரு விலக்கு இருந்தது. ஒரு குடும்பத்தார் தம் வீட்டுத் தேவைக்கெனச் சுடும் ரொட்டிக்கு அது பொருந்தாது. இதில் தவறில்லை; வீட்டுக்குள் அதிகாரியை அனுப்புவது இயலாது. ஆயினும் வீட்டில் விடியுமுன் எழுந்து மாவு பிசைந்த பெண்ணுக்கு எந்தச் சட்டமும் துணை நிற்கவில்லை என்பதும் உண்மையே. அவளுக்குத் துணை வந்தவை வேறு சில.

முதலாவது, நம்பத்தக்க ஈஸ்ட். முன்னாளில் மது காய்ச்சும் இடங்களிலிருந்து கிடைத்த நுரையையே ரொட்டிக்குப் பயன்படுத்தினர். அது ஒரு நாள் வேலை செய்யும், மறுநாள் ஏமாற்றும். ஆஸ்திரியப் பேரரசில் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய சார்லஸ் ஃபிளைஷ்மன், தம் உடன்பிறந்தார் மாக்சிமிலியனுடனும் ஜேம்ஸ் காஃப் என்பவருடனும் கூடி, 1868-ஆம் ஆண்டில் ஓஹையோவின் சின்சினாட்டி நகரில் ஈஸ்டைக் கட்டியாக அழுத்தி விற்கத் தொடங்கினார். 1876-ஆம் ஆண்டில் பிலடெல்பியாவில் நடந்த நூற்றாண்டுப் பொருட்காட்சியில் வியன்னா முறை ரொட்டிக்கடை ஒன்றை அமைத்து, அந்த ஈஸ்டால் ஆன ரொட்டியை மக்கள் சுவைக்கச் செய்தார். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் அந்நிறுவனம் குளிரில் வைக்க வேண்டாத உலர்ந்த ஈஸ்டையும் உருவாக்கியது. என் மகள் பயன்படுத்திய ஏழு கிராம் ஈஸ்ட் அந்த வழியில் வந்ததே.

இரண்டாவது, குளிர்சாதனப் பெட்டி. 1927-ஆம் ஆண்டில் ஜெனரல் எலக்ட்ரிக் நிறுவனம் உச்சியில் வட்டமான இயந்திரம் பொருத்திய பெட்டியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் அமெரிக்க வீடுகளில் இப்பெட்டி சாதாரணப் பொருளாயிற்று. மாவு அழைத்தபோது மனிதன் எழுந்த காலம் மாறி, மனிதன் எழும்வரை மாவு காத்திருக்கும் காலம் வந்தது. மூன்றாவது, பாத்திரம். 1950-ஆம் ஆண்டில் மின்னியாபொலிஸ் நகரில், யூதப் பெண்கள் சங்கத்தைச் சேர்ந்த சிலர், தம் மூதாதையர் ஐரோப்பாவில் பயன்படுத்திய நடுத்துளை வட்டப் பாத்திரம் போன்றதொன்று வேண்டுமெனக் கேட்டனர். டேவிட் டால்குவிஸ்ட் என்பவர் அதனை அலுமினியத்தில் வார்த்துத் தந்தார். 'பண்ட்' என்னும் அப்பாத்திரம் முதலில் அவ்வளவாக விற்கவில்லை. 1966-ஆம் ஆண்டுச் சமையல் போட்டியொன்றில் இரண்டாம் பரிசு பெற்ற சாக்கலேட் கேக்கினால் நாடெங்கும் புகழ்பெற்றது. குரங்கு ரொட்டியும் இன்று பெரும்பாலும் அதில்தான் உருவாகிறது. நடுவிலுள்ள துளை வழியாகவும் வெப்பம் பாய்வதால் உள்ளுருண்டைகள் வேகாமல் நிற்பதில்லை.

இவ்வாறு ஒரு தட்டு ரொட்டியில் உயிரியலும் பொறியியலும் சட்டமும் குடியேற்றமும் ஒன்றுகூடியிருக்கின்றன. ஆனால் இக்கதையிலிருந்து, கருவி வந்தது, துயரம் தீர்ந்தது என்று மட்டும் முடிவுகட்டிவிடக் கூடாது. குளிரில் மாவை நிறுத்தும் பெரிய பெட்டிகள் ரொட்டிக் கடைகளுக்கும் வந்துள்ளன. மாலையில் உருட்டிய மாவை விடியற்காலையில் சுட அவை உதவுகின்றன. ஆயினும் உலகின் பல நகரங்களில் ரொட்டித் தொழிலாளர் இன்றும் இரவில் விழித்திருக்கின்றனர். கருவி நேரத்தை மிச்சப்படுத்தித் தரும். மிச்சமான நேரம் உறங்குபவனுக்கா, விற்பவனுக்கா என்பதை மனிதரே முடிவு செய்கின்றனர். வீட்டில் அந்த முடிவு எளிது. உழைப்பவளும் உண்பவளும் ஒருத்தியே. தொழிற்கூடத்தில் உழைப்பவன் ஒருவன், உண்பவன் ஒருவன், ஆதாயம் அடைபவன் மற்றொருவன். அங்கேதான் சட்டமும் சங்கமும் தேவைப்பட்டன.

மாணவர்களே, வரலாறு பயிலும்போது ஒரு பழக்கத்தை ஏற்படுத்திக்கொள்ளுங்கள். உங்கள் முன் வைக்கப்படும் எந்தப் பொருளையும், இது எப்போது தோன்றியது என்று கேட்பதோடு நிறுத்தாமல், இதற்காக எவர் விழித்திருந்தார் என்றும் கேளுங்கள். பாலைக் கறந்தவர், செய்தித்தாளை அச்சிட்டவர், புகைவண்டியை ஓட்டியவர் எனப் பலருடைய இரவுகள் நம் காலைப் பொழுதில் கலந்திருக்கின்றன. அவர்களுள் எவருடைய உறக்கத்தை நம் அறிவாலும் அறத்தாலும் மீட்டுத்தர இயலும் என்று சிந்திப்பது, நாளைய குடிமக்களாகிய உங்களுடைய கடமை ஆகும்.